டாக்டர் டாலிமெரன் ஆவோ: நடுவில் நின்ற வீரர்

கால்பந்தாட்டம் பார்க்கச் செல்லும் ஜனங்கள், ஆட்டம் முடிந்ததும் கோல் போட்டவனுடைய பெயரைச் சொல்லிக்கொண்டே வீடு திரும்புகிறார்கள். எதிரியின் காலிலிருந்து பந்தைப் பறித்து, முன்னே நின்றவனுக்குப் பதமாகக் கொண்டு சேர்த்தவன் யார் என்று விசாரிப்பவர் வெகு சிலரே. தேச காரியங்களிலும் நாம் காண்பது இதுவேயாகும். மேடையில் தோன்றியவருக்கு மாலையும், இடையில் நின்று உழைத்தவருக்கு மறதியும் கிடைப்பது உலக வழக்கமாயிருக்கிறது. இன்று நாம் எழுத எடுத்துக்கொண்ட டாக்டர் டாலிமெரன் ஆவோ, மைதானத்திலும் வாழ்க்கையிலும் இவ்வாறு நடுவில் நின்றவர். சுதந்திர இந்தியாவின் முதல் ஒலிம்பிக் கால்பந்துக் கோஷ்டிக்குத் தலைமை வகித்தவர். அந்தக் கீர்த்தி கைக்கு வந்தபின் அதை விட்டுவிட்டு மலைநாட்டு ஆஸ்பத்திரிக்குச் சென்றவர்.

திருச்சிராப்பள்ளிக்கும் ஸ்ரீரங்கத்துக்கும் இந்த நாகர்மலை வீரருக்கும் என்ன சம்பந்தம் என்று வாசகர் கேட்கலாம். பொன்மலை ரயில்வே வட்டாரத்திலும் கொள்ளிடக்கரை மணலிலும் பந்தை உதைத்துத் திரியும் சிறுவனைப் பார்த்து, படிப்பா பந்தா, இரண்டில் ஒன்றைச் சொல் என்று தகப்பன்மார் அதட்டுவது இவ்வூர்களில் புதிதல்ல. இரண்டையும் கைவிடாமல், ஒவ்வொன்றுக்கும் உரிய காலத்தை அறிந்து கொடுத்த ஒருவருடைய சரித்திரத்தை அவர்கள் அறிந்துகொள்வது நலமென்று கருதுகிறோம். மற்றொரு சம்பந்தமும் உண்டு. அதைப் பின்னால் சொல்லுவோம்.

ஆவோ 1918-ம் வருஷம் ஜனவரி 28-ந் தேதி, அக்காலத்தில் அஸ்ஸாம் மாகாணத்தைச் சேர்ந்திருந்த நாகர் மலை ஜில்லாவில், சாங்கி என்னும் கிராமத்தில் பிறந்தார். அவருடைய தந்தையார் கிறிஸ்தவப் பாதிரியார். இம்பூர் என்னும் இடத்தில் அமெரிக்க பாப்டிஸ்டு மிஷன் நடத்திவந்த சபையிலே ஊழியம் செய்தவர். குழந்தைகள் பன்னிருவர்; அவர்களில் நம் வீரர் நான்காமவர். பெரிய குடும்பம், சிறிய வருமானம். மிஷன் பள்ளிக்கூடத்துப் படிப்பும், பள்ளிக்கூடத்து மைதானத்து ஆட்டமும் சேர்ந்தே அவருடைய பால்யம் கழிந்தது.

அவர் வாலிபராயிருந்தபோது தந்தையார் விஷ ஜுரத்தினால் காலமானார். மகன் வைத்தியம் படித்துத் தன் ஜனங்களுக்கு ஊழியம் செய்யவேண்டும் என்பது தந்தையாரின் விருப்பம். மலைக்கிராமங்களில் ஜுரம் கண்டவனுக்கு மருந்து கொடுப்பார் எவருமில்லாத காலம் அது. தந்தையையே அந்த ஜுரத்துக்குப் பறிகொடுத்த மகனுக்கு அவ்விருப்பம் சத்தியமாகவே ஆகிவிட்டது. ஜோர்ஹாட்டில் பள்ளிப் படிப்பை முடித்து, கௌஹாத்தியில் காட்டன் காலேஜில் சேர்ந்தார். அங்கே ஓட்டத்திலும் தாண்டலிலும் பரிசுகள் வாங்கினார். மஹாராணா கழகத்தில் சேர்ந்து பந்தாடினார். ஆனால் எந்தப் பரிசும் வைத்தியப் படிப்பென்னும் லக்ஷியத்திலிருந்து அவரைத் திருப்பவில்லை.

ஆட்டத்தில் அவர் நின்ற ஸ்தானத்தை இங்கே விளக்குவது அவசியம். அக்காலத்து முறைப்படி கோல் காப்பவர் ஒருவர், அவருக்கு முன்னே இருவர், அவர்களுக்கு முன்னே மூவர், முனையில் ஐவர் என்று பதினொருவரும் அணிவகுத்து நிற்பார்கள். அந்த மூவருக்கு ஹாஃப்-பாக் என்று பெயர். எதிரி பாய்ந்து வரும்போது முதலில் மறிக்க வேண்டியவர்கள் அவர்களே. பந்து கைவசமானதும் முனையில் நிற்பவர்களுக்கு அதை எடுத்துக்கொடுக்க வேண்டியவர்களும் அவர்களே. பின்னால் ஓடவேண்டும், முன்னால் ஓடவேண்டும். தொண்ணூறு நிமிஷமும் மூச்சுவிட இடமில்லை. தற்காலத்தார் நடுக்கள ஆட்டக்காரர் என்று சொல்லுவது இவர்களையே. இம்மூவரின் நடு ஸ்தானத்துக்கு உயரமும் பலமும் மட்டும் போதாது. மைதானம் முழுவதையும் ஒரே பார்வையில் அளக்கும் புத்தியும் வேண்டும். ஆவோவுக்கு மூன்றும் இருந்தன.

1942-ல் கல்கத்தாவில் கார்மைக்கேல் வைத்தியக் காலேஜில் அவருக்கு இடம் கிடைத்தது. பிற்பாடு 1948-ல் ஆர். ஜி. கார் பெயரைப் பெற்ற காலேஜ் அதுவே. மறு வருஷம் மோஹன் பகான் கழகம் அவரைச் சேர்த்துக்கொண்டது. அந்த வருஷங்கள் எப்படிப்பட்டவை என்பதை நம் வாசகருக்குச் சொல்லவேண்டுவதில்லை. 1942-ல் வெள்ளையனே வெளியேறு என்னும் கிளர்ச்சி. 1943-ல் வங்காளத்தை வாட்டிய கொடும் பஞ்சம். 1944-ல் ஜப்பானியர் சேனை நாகர் மலைக்குள் புகுந்து, கோஹிமாவைச் சுற்றி ஏப்ரல் முதல் ஜூன் வரையில் நடந்த மகா யுத்தம். பகலில் காலேஜ், மாலையில் மைதானம், மனத்தில் யுத்தகளமாகிவிட்ட ஜன்மபூமி: இப்படித்தான் அந்த மாணவருடைய வாழ்க்கை நடந்தது. இத்தனைக்கும் நடுவே மோஹன் பகான் 1943-லும் 1944-லும் கல்கத்தா லீக் பந்தயத்தில் முதன்மை பெற்றது. வெகு சீக்கிரத்தில் அவரே கழகத்தின் தலைவராகவும் ஆனார்.

மோஹன் பகான் வெறும் விளையாட்டுக் கழகமன்று. 1911-ம் வருஷம் ஜூலை 29-ந் தேதி, ஈஸ்ட் யார்க்ஷயர் பட்டாளத்துக் கோஷ்டியை இரண்டுக்கு ஒன்று என்ற கணக்கில் தோற்கடித்து ஐ. எப். ஏ. கேடயத்தைக் கைப்பற்றிய கழகம் அது. அன்று அந்தப் பதினொருவரில் ஒருவர் நீங்கலாக மற்றவர் அனைவரும் வெறுங்காலுடன் ஆடினார்கள். ஆள வந்தவனையும் அவனுடைய ஆட்டத்திலேயே வெல்லலாம் என்ற தைரியம் வங்காளத்து வீதிகளில் பரவியது அன்றைக்குத்தான். அப்படிப்பட்ட கழகத்துக்கு, தூரத்து மலையிலிருந்து வந்த நாகர் ஒருவர் தலைமை வகித்தார் என்பதைச் சாமானிய விஷயமாக நாம் எண்ணவில்லை. ஆடுகிறவனுடைய ஜாதியையும் பாஷையையும் பந்து கேட்பதில்லை. மைதானம் இதை அறிந்த அளவுக்கு நம் சமூகம் அறியவில்லை என்பதே நமது வருத்தம்.

1948-ம் வருஷம் லண்டனில் ஒலிம்பிக் பந்தயங்கள் நடந்தன. சுதந்திரம் வந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. இந்தியக் கால்பந்துக் கோஷ்டியின் தலைமை ஆவோவுக்கு அளிக்கப்பட்டது. ஜூலை 29-ந் தேதி வெம்பிளி மைதானத்தில் நடந்த ஆரம்ப வைபவத்தில் இந்தியாவின் மூவர்ணக் கொடியை ஏந்திச் சென்றவரும் அவரே. பட்டாளத்தாரை மோஹன் பகான் வென்ற அதே ஜூலை 29. முப்பத்தேழு வருஷங்கள் கழித்து, அதே கழகத்து வீரர் ஒருவர் கையில், ஆண்டவர்களுடைய தலைநகரத்திலேயே, சுதந்திர தேசத்தின் கொடி பறந்தது. இதை யாரும் ஏற்பாடு செய்யவில்லை. ஆயினும் காலமே செய்த ஏற்பாடு போலல்லவா இருக்கிறது!

ஜூலை 31-ந் தேதி, லண்டனை அடுத்த இல்ஃபோர்டில் பிரான்ஸுடன் ஆட்டம். நம்மவரில் பெரும்பாலோர் பூட்ஸ் அணியவில்லை. சிலர் காலில் துணிப்பட்டை மட்டும் சுற்றிக்கொண்டிருந்தார்கள். முப்பதாவது நிமிஷத்தில் பிரான்ஸ் ஒரு கோல் போட்டது. எழுபதாவது நிமிஷத்தில் சாரங்கபாணி ராமன் ஈடு செய்தார். இரண்டு பெனால்டி உதைகள் நமக்குக் கிடைத்தன, இரண்டும் வீணாயின. ஆட்டம் முடியும் தறுவாயில் பிரான்ஸ் மற்றொரு கோல் போட்டு இரண்டுக்கு ஒன்று என்று ஜயித்தது. தோற்றார்கள், ஆனால் ஐரோப்பியக் கோஷ்டி ஒன்றைக் கடைசி நிமிஷம் வரையில் திணற அடித்துவிட்டே தோற்றார்கள். வெறுங்காலைப் பற்றிப் பத்திரிகைக்காரர்கள் கேட்டபோது, நாங்கள் ஆடுவது காலால் ஆடும் பந்து, நீங்கள் ஆடுவதோ பூட்ஸால் ஆடும் பந்து என்ற கருத்துப்பட ஆவோ சிரித்துக்கொண்டே பதில் சொன்னதாக இன்றளவும் கூறுவார்கள்.

இந்த வெறுங்காலைப் பற்றி நமது அபிப்பிராயத்தையும் கூறிவிடுகிறோம். 1930-ம் வருஷம் ஏப்ரல் 13-ந் தேதி ராஜாஜியின் தலைமையில் சுமார் நூறு தொண்டர்கள் திருச்சியிலிருந்து புறப்பட்டு வேதாரணியம் வரையில் நடந்தார்கள். கால்நடையாய் நடந்து ஒரு சாம்ராஜ்யத்தை அசைக்கலாம் என்று கண்டவர்கள் நம்மூரார். வாகனமில்லை என்பதும் பூட்ஸ் இல்லை என்பதும் அவமானமல்ல. ஆனால் இல்லாமையையே பெருமையாக்கிக்கொண்டு உட்கார்ந்துவிடுவது அறிவீனம். 1952-ல் ஹெல்ஸிங்கி ஒலிம்பிக்கில் யூகோஸ்லாவியா நம்மைப் பத்துக்கு ஒன்று என்று முறியடித்தது. அதன் பிறகே பூட்ஸ் அணிவது இந்திய ஆட்டத்தில் கட்டாயமாயிற்று. ஆவோவின் பதிலில் இருந்த ரோஷத்தை நாம் போற்றுவோம். அந்த ரோஷத்தைச் சோம்பலுக்குச் சமாதானமாக உபயோகிக்கவேண்டாம்.

லண்டனில் அவருடைய ஆட்டத்தைக் கண்ட ஆர்ஸனல் கழகம் அவரைத் தன்னிடம் வந்து ஆடும்படி அழைத்ததாகவும், அவர் மறுத்துவிட்டதாகவும் நெடுநாளாக ஒரு பேச்சு வழங்கி வருகிறது. அந்தப் பேச்சை நம்புவோரும் நம்பாதோரும் மறுக்க முடியாதது ஒன்று உண்டு. புகழின் உச்சியில் நின்ற அந்த மனிதர் கல்கத்தாவுக்குத் திரும்பி வந்து பரீக்ஷைப் புஸ்தகங்களைப் பிரித்தார், 1950-ல் எம். பி. பி. எஸ். பட்டம் பெற்றார், சிறிது காலத்துக்குள் மைதானத்தை விட்டு விலகி மலைக்குத் திரும்பினார். தந்தைக்குக் கொடுத்த வாக்கு பதினைந்து வருஷங்களாகக் காத்திருந்தது. அதை அவர் மேலும் காத்திருக்க விடவில்லை.

அவர் திரும்பிய மலை அமைதியாக இருக்கவில்லை. இந்திய யூனியனில் தாங்கள் சேர்ந்தவர்களல்ல என்று நாகர்களில் ஒரு சாரார் 1947-லேயே பிரகடனம் செய்திருந்தார்கள். ஐம்பதுகளில் அது ஆயுதப் போராட்டமாயிற்று, பட்டாளம் வந்தது, 1958-ல் விசேஷ அதிகாரச் சட்டமும் வந்தது. கிராமத்தார் இரண்டு துப்பாக்கிகளுக்கு நடுவே தவித்தார்கள். அத்தகைய வருஷங்களில், லண்டனில் இந்தியக் கொடியை ஏந்திய கை கோஹிமா ஆஸ்பத்திரியில் நாடி பார்த்துக்கொண்டிருந்தது. 1963 டிசம்பர் 1-ந் தேதி நாகாலாந்து தனி ராஜ்யமாயிற்று. அதன் சுகாதார இலாகாவின் டைரக்டராக ஆவோ பணிபுரிந்து 1978-ல் ஓய்வு பெற்றார்.

தேச ஒற்றுமை என்று மேடைதோறும் பேசுகிறோம். டில்லியிலிருந்து உத்தரவு போட்டால் ஒற்றுமை வந்துவிடாது. பட்டாளம் போட்டாலும் வந்துவிடாது. எல்லைப் புறத்து ஜனங்களை எட்டியிருக்கும் பிறராக எண்ணும் வழக்கம் நம்மிடம் இருக்கும்வரையில், அவர்கள் நம்மை எப்படித் தம்மவராக எண்ணுவார்கள்? சுதந்திர பாரதத்தின் முதல் கால்பந்துத் தலைவர் ஒரு நாகர் என்பது இன்று நம் கலாசாலை மாணவர்களில் எத்தனை பேருக்குத் தெரியும்? இந்த மறதியைச் சிறு குற்றமாக நாம் கருதவில்லை. மறந்தவனுக்கு அது சிறிது. மறக்கப்பட்டவனுக்கு அது மலையளவு.

முன்னே சொன்ன மற்றொரு சம்பந்தத்துக்கு வருகிறோம். 1880-ல் ஸ்ரீரங்கத்தில் பிறந்த டாக்டர் டி. எஸ். எஸ். ராஜனை இவ்வூரார் அறிவார்கள். வைத்தியம் படித்துச் சீமை சென்று உயர்ந்த தேர்ச்சி பெற்றவர். நல்ல வருமானத்தைப் பெரிதாக எண்ணாமல் காந்தியடிகளின் இயக்கத்தில் குதித்துச் சிறை புகுந்தவர். உப்பு யாத்திரைக்குத் தம் இல்லத்தையே தங்குமிடமாக அளித்தவர். 1937-ல் சென்னை மாகாணத்தின் சுகாதார மந்திரியானவர். ஒருவர் காவேரிக்கரைப் பிராமணர், மற்றவர் நாகர் மலைக் கிறிஸ்தவர். பாஷை வேறு, உணவு வேறு, வழிபாடு வேறு. எனினும் கற்ற வைத்தியம் ஜனங்களுக்குச் சொந்தம் என்ற ஒரே தர்மத்தை இருவரும் கைக்கொண்டார்கள். பாரதம் ஒன்று என்பதற்கு இதைவிட வேறு அத்தாட்சி வேண்டுமா?

ஆட்டத்தை அவர் இன்னும் சில வருஷங்கள் தொடர்ந்திருக்கலாகாதா என்று சிலர் கேட்கலாம். அவர் விலகியதால் ஆட்டத்துக்கு நஷ்டமே; அதை நாம் மறைக்கவில்லை. அக்காலத்தில் பந்தாட்டத்தைத் தொழிலாக வைத்துக் குடும்பம் நடத்த நம் தேசத்தில் வழியுமில்லை. இன்று சம்பளம் வாங்கி ஆடும் வாலிபர்களை நாம் குறைகூற மாட்டோம். உழைப்புக்குக் கூலி நியாயமே. ஆனால் கால் ஓயும் நாள் ஒவ்வோர் ஆட்டக்காரனுக்கும் உண்டு. அந்த நாளுக்கு அப்பால் தன்னைக் கொண்டு பிறருக்கு என்ன பிரயோஜனம் என்ற கேள்விக்கு, ஆட்டத்துக்கு வருமுன்பே பதில் வைத்திருந்தவர் ஆவோ. பந்தாட்டம் அவருடைய படிப்பைக் கெடுக்கவில்லை. படிப்பும் அவருடைய ஆட்டத்தைக் குறைக்கவில்லை. அதட்டும் தகப்பன்மார் இதைக் கவனிப்பார்களாக.

அவர் 1998-ம் வருஷம் செப்டம்பர் 13-ந் தேதி கோஹிமாவில் காலமானார். அஸ்ஸாமில் ஆட்டக் களங்கள் அவர் பெயரைத் தாங்கியிருக்கின்றன. பிறந்த நூற்றாண்டாகிய 2018-ல் அவருக்குத் தபால் முத்திரையும் வெளியாயிற்று. இவை நல்ல காரியங்களே. ஆயினும் முத்திரை ஒட்டிய கடிதம் போய்ச் சேருமிடம் நமது நெஞ்சாக இருக்கவேண்டும். திருச்சியிலும் ஸ்ரீரங்கத்திலும் பள்ளிக்கூடம் நடத்துவோர் தங்கள் மைதானத்துச் சிறுவர்களுக்கு இந்தப் பெயரைச் சொல்லிக்கொடுக்கட்டும். அங்கிருந்து நம் ஊருக்குப் படிக்கவும் பிழைக்கவும் வரும் வடகிழக்கு வாலிபர்களை அந்நியராகப் பாராமல், ஆவோவின் ஊரார் என்று வரவேற்கட்டும். பந்தைப் பறித்துப் பக்கத்திலிருப்பவனுக்குக் கொடுப்பதே நடுவில் நிற்பவன் வேலை. அவர் கொடுத்துவிட்டுப் போனார். வாங்கிக்கொண்டு முன்னே செல்லவேண்டியது நம் கடமை.