தீக்குளிக்காத நந்தன்

கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன் 1908 நவம்பர் 29-ல் நாகர்கோவில் ஒழுகினசேரியில் பிறந்தார். வறுமையான குடும்பம். பள்ளிப் படிப்பு பாதியில் நின்றது. நாடகக் கொட்டகையில் சோடா விற்ற சிறுவன் வில்லுப்பாட்டுக்குப் போய், பிறகு டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் குழுவில் நடிகரானார்.

அன்று நாகர்கோவில் திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது. பக்கத்து ஊரான சுசீந்திரத்தில் கோயிலைச் சுற்றியுள்ள தெருக்களில் நடப்பதற்கே நம் மக்களுக்கு உரிமை இல்லை. அதைக் கேட்டு 1926-ல் அங்கே சத்தியாக்கிரகம் நடந்தது. சமஸ்தானக் கோயில்கள் எல்லோருக்கும் திறந்தது 1936 நவம்பரில்தான். கிருஷ்ணன் வளர்ந்தது இப்படிப்பட்ட மண்ணில்.

அதே 1936-ல் ‘சதி லீலாவதி’ படம் வந்தது. எம்.ஜி.ஆருக்கு முதல் படமான அதில் கிருஷ்ணனும் நடித்தார். உடன் நடித்த டி.ஏ.மதுரத்தை மணந்துகொண்டார். நகைச்சுவைப் பகுதியைத் தன் குழுவை வைத்துத் தனியாகவே அமைத்துக் கொடுப்பது அவர் வழக்கம். அந்தக் காலப் படங்களில் சிரிப்புக்கு ஆளானவர்கள் பெரும்பாலும் வேலைக்காரனும் பண்ணையாளும்தான். கிருஷ்ணன் போலிச் சாமியாரையும் மூடநம்பிக்கையையும் சிரிப்புக்கு இழுத்தார்.

1944 இறுதியில் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் தியாகராஜ பாகவதருடன் அவரும் கைதானார். இருவருக்கும் ஆயுள் தண்டனை கிடைத்தது. வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய்த் திரும்பி, 1947-ல் விடுதலை ஆனார்கள். அந்த இரண்டு ஆண்டுகளுக்கும் மேலாக நாடக சபையையும் வழக்கையும் சேர்த்துச் சுமந்தவர் மதுரம். அவரைப் பற்றித் தனியாகவே எழுத வேண்டும்.

வெளியே வந்தபின் கிருஷ்ணன் செய்த ஒரு வேலைக்காகவே அவரை இந்தப் பகுதியில் எழுதுகிறேன். 1949-ல் அண்ணா எழுதிய ‘நல்லதம்பி’ படத்தில் ‘கிந்தனார்’ என்று ஒரு கதாகாலட்சேபம் வருகிறது. பாட்டு உடுமலை நாராயண கவி.

நந்தனார் கதை நமக்குத் தெரியும். பெரியபுராணத்தில் அவர் ஆதனூர்ப் புலைப்பாடியில் பிறந்தவர். சிதம்பரத்துக்குப் போக ஆசைப்பட்டு, தீயில் இறங்கி வேதியர் வடிவம் பெற்ற பிறகே உள்ளே போகிறார். கோபாலகிருஷ்ண பாரதியார் இந்தக் கதையில் பண்ணைக்கார வேதியரைப் புதிதாகச் சேர்த்துக் கீர்த்தனையாகப் பாடினார். அது ஊர் ஊராகப் பரவியது. கே.பி.சுந்தராம்பாளும், பிறகு தண்டபாணி தேசிகரும் நந்தனாராக நடித்தார்கள். ஜனங்கள் கண்ணீர் விட்டார்கள். நந்தனை ஏன் எரித்தார்கள் என்று கொட்டகையில் எத்தனை பேர் கேட்டிருப்பார்கள்?

கிருஷ்ணன் பாகவதர் போல உட்கார்ந்து, அதே காலட்சேப முறையில், அந்தக் கதையையே திருப்பிப் போட்டார். கிந்தனும் சேரியில் பிறந்தவன். ஆனால் அவன் ஆசைப்படுவது கோயிலுக்கு அல்ல, பள்ளிக்கூடத்துக்கு. வாத்தியார் அடிக்கிறார். கிந்தன் ஊரைவிட்டு ஓடி ரயில் ஏறுகிறான். சாதி பார்க்காமல் எல்லோரையும் ஏற்றிக்கொள்ளும் ரயில். பட்டணத்தில் படித்து, கல்வி அதிகாரியாக அதே ஊருக்குத் திரும்புகிறான். அடித்த வாத்தியாரே வரவேற்க நிற்கிறார். நந்தனை ‘தூய்மை’யாக்கத் தீ வேண்டியிருந்தது. கிந்தனுக்கு அப்படி எதுவும் தேவைப்படவில்லை, அவன் அழுக்காக இருந்ததே இல்லை.

கிருஷ்ணன் நம் சமூகத்தவர் அல்ல. நம் கதையை இன்னொருவர் சொல்லும்போது வரும் குறை இதிலும் உண்டு. கிந்தன் தனி ஆளாக உயர்கிறான். அவன் விட்டுப்போன சேரியும் கூலியும் நிலமும் என்ன ஆயின என்று கதை கேட்பதில்லை. ஆனாலும் கிராமத்தை விட்டு வெளியேறுங்கள், படியுங்கள் என்று அம்பேத்கர் வலியுறுத்திய அதே காலத்தில், சேரிப் பையனை அதிகாரி நாற்காலியில் உட்கார வைத்துத் தமிழ்நாட்டையே சிரிக்க வைத்தது சாதாரணக் காரியம் அல்ல. அழவைத்த நந்தனார் படங்களை விட இந்தச் சிரிப்பில்தான் எனக்கு மரியாதை தெரிகிறது.

பிறகு ‘மணமகள்’, ‘பணம்’ படங்களை இயக்கினார். சம்பாதித்ததைக் கேட்டவர்களுக்கெல்லாம் கொடுத்தார். 1957 ஆகஸ்ட் 30-ல் இறந்தபோது அவருக்கு 49 வயது நிறையவில்லை.

கிந்தனார் காலட்சேபம் இணையத்தில் கிடைக்கிறது. மாணவர்கள் முதலில் பெரியபுராணத்தில் திருநாளைப்போவார் பகுதியைப் படித்துவிட்டு, அதன் பிறகு கேளுங்கள்.