ஏழைகளின் வைத்தியர் புனித யோசேப்பு மொஸ்காத்தி

வீட்டில் ஒருவருக்குக் கடும் நோய் கண்டுவிட்டால், அந்த இரவில் உங்கள் மனதில் ஓடும் கணக்கு எதுவென்று உங்களுக்குத் தெரியும். எந்த வைத்தியரிடம் கொண்டுபோவது என்பது முதற் கேள்வி. கையில் எவ்வளவு இருக்கிறது என்பது இரண்டாவது. பல வீடுகளில் இரண்டாவது கேள்விதான் முதலாவதற்கு விடை சொல்லிவிடுகிறது. பெயர்பெற்ற வைத்தியரின் வாசற்படியை மிதிக்க ஏழை கூசுகிறான். கூச்சத்தை விட்டுப் போனாலும், துண்டில் எழுதித் தந்த மருந்தை வாங்க வழியின்றி வீடு திரும்புகிறான்.

இத்தாலியின் நேப்பிள்ஸ் நகரில் ஒரு வைத்தியர் இருந்தார். நோயை அறிவதில் அவருக்கு ஈடில்லை என்று நகரமே சொன்னது. அவருடைய வீட்டில், நோயாளர் காத்திருக்கும் அறையில், ஒரு தொப்பி மல்லாத்தி வைக்கப்பட்டிருந்தது. பக்கத்தில் ஒரு சிறு அறிவித்தல். உள்ளவர் அதிலே போடட்டும், இல்லாதவர் அதிலிருந்து எடுத்துக்கொள்ளட்டும் என்பதே அதன் கருத்து. போட்டவர் யார், எடுத்தவர் யார் என்று வைத்தியர் கேட்பதில்லை.

அவர்தான் யோசேப்பு மொஸ்காத்தி. நமது வழக்கிற் சொன்னால் சூசை. 1987ஆம் ஆண்டு பாப்பரசர் இரண்டாம் அருளப்பர் சின்னப்பர் அவரைப் புனிதர் வரிசையிற் சேர்த்தார். அவர் குருவானவருமல்ல, துறவியுமல்ல. கழுத்துப் பட்டியும் மேலங்கியும் அணிந்து தினமும் ஆஸ்பத்திரிக்கு வேலைக்குப் போய்வந்த ஒரு பொதுநிலையினர் என்பதை முதலிலேயே மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

பெனவெந்தோ என்னும் ஊரில் 1880 யூலை 25இல், ஒன்பது பிள்ளைகளில் ஏழாமவராய் அவர் பிறந்தார். தந்தையார் பிரான்செஸ்கோ ஒரு நீதிபதி. தாயார் ரோசா. தந்தையாரின் உத்தியோக மாற்றத்தால் 1884இல் குடும்பம் நேப்பிள்சுக்கு வந்தது. அந்த ஆண்டை நேப்பிள்ஸ் மக்கள் மறக்கமாட்டார்கள். அவ்வாண்டில்தான் வாந்திபேதி நகரிற் புகுந்து ஆயிரக்கணக்கானோரைக் கொண்டுபோனது. செத்தவர்களிற் பெரும்பாலானோர் ஏழைகள். வீதியோரத்துக் கீழ்த்தட்டு அறை ஒன்றில், யன்னலும் இன்றி, ஒரு குடும்பம் முழுவதும் சமைத்து உண்டு உறங்கும். மலக்குழியும் கிணறும் ஒன்றுக்கொன்று அடுத்தடுத்து இருந்தன. அதே 1884இல்தான் ஜேர்மனிய அறிஞர் கொக் கல்கத்தாவில் வாந்திபேதிக் கிருமியை ஆராய்ந்து நிலைநாட்டினார். நோயாளியின் கழிவு குடிநீரிற் கலக்குமிடத்தில் நோய் பரவும் என்பது தெளிவாயிற்று. அடுத்த ஆண்டில் செரினோ மலைப்பகுதியிலிருந்து நேப்பிள்சுக்கு நல்ல தண்ணீர் கொண்டுவரப்பட்டது. நான்கு வயதுப் பாலகனுக்கு இவையெல்லாம் விளங்கியிரா. ஆனால் அந்தத் தண்ணீரின் கதை பிற்காலத்தில் அவரிடமே திரும்பி வரப்போகிறது.

மொஸ்காத்தி வீட்டு மேல்மாடத்திலிருந்து பார்த்தால் தூரத்தில் ஒரு பெரிய ஆஸ்பத்திரி தெரியும். தந்தையார் அதைச் சுட்டிக்காட்டுவாராம். குணமாகாதவர்களின் ஆஸ்பத்திரி என்பது அதன் பெயர். மரிய லொறென்சா லொங்கோ என்னும் விதவைப் பெண்மணி, மற்ற இடங்களில் ஏற்றுக்கொள்ளாமற் துரத்தப்பட்ட நோயாளருக்கென்று 1522இல் அதனைத் தொடக்கினார். அவர் 2021இல் முத்திப்பேறு பெற்றவராக உயர்த்தப்பட்டார்.

யோசேப்புக்குப் பன்னிரண்டு, பதின்மூன்று வயதிருக்கும்போது, இராணுவத்திற் சேவை செய்த தமையனார் அல்பேர்த்தோ குதிரையிலிருந்து விழுந்து தலையில் அடிபட்டார். அதனால் அவருக்கு வலிப்பு நோய் கண்டது. வலிப்பு வரும் வேளைகளிற் பக்கத்தில் இருந்து பார்த்தவர் இந்தத் தம்பி. வருத்தக்காரர் உள்ள வீட்டிலே வளர்ந்த பிள்ளைக்கு நோயைப் புத்தகத்திற் படிக்குமுன்பே தெரியும். நீதிபதியின் மகன் சட்டம் படிப்பதே அக்காலத்து முறை. அவரோ 1897இல் வைத்தியம் படிக்கச் சேர்ந்தார். சேர்ந்த சில மாதங்களில் தந்தையார் காலமானார்.

அக்காலப் பல்கலைக்கழகத்தில் கடவுளைப் பற்றிப் பேசுவது படிப்பில்லாதவன் செயல் என்று பேராசிரியர் பலர் எண்ணினர். இளைஞர் மொஸ்காத்தி வாதத்துக்குப் போகவில்லை. காலையிற் பூசை கண்டு நற்கருணை வாங்கினார், பகலிற் படித்தார். 1903 ஓகஸ்ட் 4இல் அதிசிறப்புடன் பட்டம் பெற்றார். அதன்பின் வேலைக்குச் சென்ற இடம், சிறுவயதில் மாடத்திலிருந்து பார்த்த அதே ஆஸ்பத்திரி.

1906 ஏப்ரிலில் வெசூவியஸ் எரிமலை சீறியது. அதன் அடிவாரத்தில் தொறே தெல் கிறேக்கோ என்னும் பட்டினத்தில் அந்த ஆஸ்பத்திரியின் கிளையொன்று இருந்தது. அங்கே கிடந்தவர்களிற் பலர் வயோதிபர், கைகால் வழங்காதவர். சாம்பல் கூரைமேற் குவிந்துகொண்டிருந்தது. இளம் டாக்டர் அங்கே விரைந்து, ஒவ்வொருவராய்த் தூக்கி வெளியேற்றுவித்தார். எல்லாரும் வெளியேறிய சிறிது நேரத்திற் கூரை இடிந்து விழுந்தது. அதன்பின் அவர் ஆஸ்பத்திரி மேலாளருக்கு ஒரு கடிதம் எழுதினார். உதவிய ஊழியர்களுக்கு வெகுமதி கொடுக்கும்படி கேட்ட அக்கடிதத்தில் தம்மைப் பற்றி அவர் ஒன்றுமே எழுதவில்லை.

இனி 1911க்கு வருவோம். இத்தாலி ஒரே நாடாக இணைந்து ஐம்பது ஆண்டு நிறைந்த விழா நாடெங்கும் நடந்துகொண்டிருந்தது. நேப்பிள்ஸ் துறைமுகத்திலிருந்து அமெரிக்காவுக்குப் பிழைக்கப் போகும் ஏழைகளைக் கப்பல்கள் ஏற்றிக்கொண்டிருந்தன. அந்த வேளையில் வாந்திபேதி மீண்டும் வந்தது. விழாவும் வியாபாரமும் கெட்டுவிடும் என்று அரசாங்கம் நோயை வெளியே சொல்லாமல் மூடியது. எவ்வளவு தூரம் மூடப்பட்டது என்பதைச் சரித்திர ஆசிரியர்கள் பல பத்தாண்டுகளுக்குப் பின் பழைய ஆவணங்களிலிருந்து எடுத்துக் காட்டியிருக்கிறார்கள். வாந்திபேதி கண்டவனுக்கு உடலிலுள்ள நீரும் உப்பும் மணிக்கணக்கில் வடிந்துபோகும். ஊரில் நோய் இருக்கிறது என்று தெரிந்தாலல்லவா தண்ணீரைக் கொதிக்கவைத்துக் குடிப்பான்? வசதியுள்ளவன் நோய் இல்லாத ஊருக்குப் போய்விடலாம். கீழ்த்தட்டு அறையில் இருப்பவன் எங்கே போவான்?

அப்பொழுது சுகாதாரப் பகுதியினர் மொஸ்காத்தியை அரசாங்கப் பரிசோதனைக் கூடத்துக்கு அழைத்தனர். நோய் எங்கிருந்து எழுகிறது, அதை ஒழிக்க வழி என்ன என்று ஆராய்வது அவருக்கு இடப்பட்ட வேலை. அவர் ஆராய்ந்ததோடு நில்லாமல், நகரத்தைச் சுத்தப்படுத்தச் செய்யவேண்டிய வேலைகளைக் காட்டி ஓர் அறிக்கையும் கொடுத்தார். அதிற் சொன்னவற்றிற் பல நிறைவேறின. அவருக்கு அப்போது வயது 31.

புனிதர்களின் படங்களில் இப்படியான அறிக்கைகளை எவரும் வரைவதில்லை. தொப்பியை வரைவார்கள், நோயாளியின் கட்டிலருகே நிற்பதை வரைவார்கள். ஆனால் என் எண்ணத்தில் அந்த அறிக்கை தொப்பியைவிடப் பெரிது. தொப்பியிலுள்ள காசு அவரைத் தேடிப் படியேறி வந்தவனுக்கு மட்டும் கிட்டும். ஊர்த் தண்ணீர் சுத்தமானாலோ, அவர் பெயரையே கேள்விப்படாத கைம்பெண்ணின் பிள்ளையும் பிழைத்துக்கொள்ளும். தர்மம் செய்தால் அவருக்குப் போதுமாயிருந்திருக்கும். அவரோ நகரத்தின் கழிவுநீர் எங்கே போகிறது என்றும் பார்த்தார்.

அதே ஆண்டில் ஆஸ்பத்திரிப் பதவிக்கான பெரும் போட்டிப் பரீட்சையிலும் முதலாவதாக வந்தார். முதலாம் உலகப் போரில் ஏறத்தாழ மூவாயிரம் காயப்பட்ட போர்வீரரைப் பார்த்தார். 1919இல் ஆண்கள் வாட்டு ஒன்றுக்குப் பொறுப்பாளரானார். இதற்கிடையில் அவருடைய ஆராய்ச்சிக் கட்டுரைகள் வெளிநாடுகளிலும் படிக்கப்பட்டன. பல்கலைக்கழகத்தில் நிரந்தரப் பேராசிரியர் பதவி அவருக்கு எட்டும் தூரத்தில் இருந்தது. அதை அவர் தம் நண்பரொருவருக்கு விட்டுக்கொடுத்து வாட்டிலேயே தங்கிவிட்டார். பெற்றோராகிய நீங்கள் ஒரு நிமிடம் எண்ணிப் பாருங்கள். உங்கள் மகன் இப்படிச் செய்தால் என்ன சொல்வீர்கள்? மாணவர்கள் மட்டும் அவரை விடவில்லை. கட்டிலுக்குக் கட்டில் அவர் பின்னால் கூட்டமாய்ப் போய்ப் படித்தார்கள்.

தாயார் ரோசா 1914இல் நீரிழிவினால் இறந்தார். அந்நாளில் நீரிழிவுக்கு வைத்தியர் செய்யக்கூடியது உணவைக் குறைப்பதைத் தவிர வேறெதுவுமில்லை. கனடாவில் இன்சுலின் கண்டறியப்பட்டு முதல் நோயாளிக்கு ஏற்றப்பட்டது 1922 தொடக்கத்தில். எட்டு ஆண்டு பிந்திவிட்டது. நேப்பிள்சில் இன்சுலினை முதன்முதலிற் கையாண்டவர்களுள் மொஸ்காத்தியும் ஒருவர். தாம் அறிந்ததோடு விடாமல், அதை எப்படிக் கொடுப்பதென்று மற்ற வைத்தியர்களையும் பழக்கினார். 1923இல் எடின்பரோவில் நடந்த உடற்றொழிலியல் மாநாட்டுக்குப் போய்வந்தார். புதிய மருந்து பணக்காரரின் வீட்டோடு நின்றுவிடாமல் தர்ம ஆஸ்பத்திரிக் கட்டிலுக்கும் வரவேண்டுமானால், அதைத் தெரிந்த ஒருவர் அக்கட்டிலருகே நிற்கவேண்டும் அல்லவா?

அவர் மணம் செய்யவில்லை. சகோதரி நீனா வீட்டைப் பார்த்துக்கொண்டார். காலையிற் பூசை, பின் ஆஸ்பத்திரி, பிற்பகலில் வீட்டில் நோயாளர், மாலையில் சந்துபொந்துகளிலே கிடக்கும் வருத்தக்காரர் வீடுகள். ஏழையிடம் காசு வாங்கமாட்டார். மருந்துத் துண்டை மடித்துக் கொடுக்கும்போது, மருந்துக்கான பணமும் அதற்குள் இருக்கும். சில வீடுகளில் அவர் போனபின் தலையணையின் கீழ் நோட்டு இருக்கக் கண்டார்கள். வசதியுள்ளவர் கூடுதலாக அனுப்பினால் மிச்சத்தைத் திருப்பி அனுப்பினார். தனித்திருந்த ஒரு கிழவரைப் பற்றிச் சொல்லுவார்கள். அவரை அடிக்கடி பார்க்கவேண்டியிருந்தது. எனவே தாம் ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியிலுள்ள கோப்பிக் கடையில் காலையில் உட்கார்ந்து, தம் கணக்கிற் பாலும் பிஸ்கோத்தும் சாப்பிடும்படி ஏற்பாடு செய்தார். கிழவர் கதிரையில் இருந்தால் சுகம். இல்லாவிட்டால் வைத்தியர் வீடு தேடிப் போய்விடுவார். இதிலே கிழவருக்குப் பசியாறியது, மானமும் போகவில்லை.

பேர்போன பாடகர் கருசோ 1921இல் சொறென்ரோவில் நோயாய்க் கிடந்தபோது மொஸ்காத்தியை அழைத்தார்கள். மற்றவர்களுக்குப் பிடிபடாத உட்கட்டியை அவர் கண்டுபிடித்தார். ஆனால் காலம் கடந்துவிட்டது. உலகம் கொண்டாடிய அந்தப் பாடகரைத் தொட்டுப் பார்த்த அதே கை, அடுத்த நாட்களில் கூலிக்காரனின் மார்பையும் தட்டிப் பார்த்தது.

நோயாளிக்கு உடலோடு ஆத்துமாவும் உண்டு என்பதை அவர் மறைத்துப் பேசியதில்லை. தேவதிரவிய அனுமானங்களை நெடுநாள் விட்டிருந்தவர்களைத் திரும்பப் போகும்படி பரிவோடு சொல்லுவார். பிரேதப் பரிசோதனை அறையிற் கூட, எல்லாரும் பார்க்கும்படி ஒரு பாடுபட்ட சுரூபத்தை மாட்டுவித்தார். அதே வேளையில் செபத்தைச் சாட்டி வைத்தியத்தில் அசட்டையாய் இருந்தவரல்ல. நோயின் காரணத்தை இரத்தத்திலும் சிறுநீரிலும் தேடிப் பார்த்த பரிசோதனைக்கூடக்காரர் அவர்.

1927 ஏப்ரில் 12, பெரிய கிழமைச் செவ்வாய். காலையிற் பூசை கண்டு நற்கருணை உட்கொண்டார். வழமைபோல் வாட்டைச் சுற்றிவந்தார். வீடு திரும்பி, சாப்பிட்டு, காத்திருந்த நோயாளரைப் பார்க்கத் தொடங்கினார். பிற்பகல் மூன்று மணியளவில் உடம்புக்கு என்னவோ செய்ய, தம் சாய்கதிரையில் அமர்ந்தார். அப்படியே உயிர் பிரிந்தது. வயது 46. நல்ல டாக்டர் போய்விட்டார் என்ற செய்தி சந்துக்குச் சந்து பரவி, அந்த வீட்டுக்குச் சனம் திரண்டது.

1930 நவம்பர் 16இல் அவருடைய பூதவுடல், அவர் செபிக்கப் போய்வந்த இயேசு சபையாரின் ஜேசு நுவோவோ கோவிலுக்குக் கொண்டுவரப்பட்டது. அதே திகதியில் 1975இல் பாப்பரசர் ஆறாம் சின்னப்பர் அவருக்கு முத்திப்பேறுபெற்றவர் பட்டம் வழங்கினார். 1979இல் இரத்தப் புற்றுநோயுற்ற இளம் கொல்லர் ஒருவர் அவருடைய மன்றாட்டினாற் குணமடைந்ததைத் திருச்சபை ஏற்றுக்கொண்டது. 1987 ஒக்டோபர் 25இல் புனிதர் பட்டம் வழங்கப்பட்டபோது, உரோமையில் ஆயர்கள் பொதுநிலையினரைப் பற்றி ஆராயக் கூடியிருந்தார்கள்.

அந்தக் கோவிலில் அவருடைய அறை அப்படியே அமைக்கப்பட்டிருக்கிறது. சாய்கதிரை இருக்கிறது, தொப்பியும் இருக்கிறது. கல்லறையருகே வெண்கலச் சிலையொன்று நிற்கிறது. வருத்தக்காரரும் அவர்களுடைய பெற்றாரும் வந்து அதன் கையைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். பிடித்துப் பிடித்து அந்தக் கை மட்டும் தேய்ந்து பளபளக்கிறது.