குழாயின் அளவு ஏன் முக்கியம்? விடை தேடிய ஆன்றி டார்சி

பாரோயில் உங்கள் வீட்டுக் குழாய்க்கும், பக்கத்துச் செனவாங் தொழிற்சாலைக் குழாய்க்கும் என்ன அளவு போடணும்? இந்தக் கணக்கில் இன்றும் ஒரு பிரெஞ்சுப் பொறியாளரின் பெயர் இருக்கிறது: ஆன்றி டார்சி.

1803-இல் டிஜோன் நகரில் பிறந்தவர். 14 வயதில் அப்பாவை இழந்தார். அப்போ அந்த ஊரில் நல்ல தண்ணீருக்கே திண்டாட்டம். ரோசுவார் ஊற்றுநீரை, பம்பே இல்லாமல், சரிவை மட்டும் நம்பி, 12.7 கிலோமீட்டர் மூடிய கால்வாய் வழியே 1840-இல் ஊருக்குக் கொண்டுவந்தார். தனக்குச் சேரவேண்டிய ஊதியத்தை வேண்டாம் என்றுவிட்டார்.

பிறகு பாரிஸில் பலவகைக் குழாய்களைச் சோதித்து, 1857-இல் முடிவுகளை வெளியிட்டார். உட்சுவர் சொரசொரப்பானால் அழுத்தம் கூடுதலாகக் குறையும். புதுக் குழாயும் பழைய குழாயும் ஒன்றல்ல என்று காட்டினார். ஜெர்மானியர் யூலியஸ் வைஸ்பாக்கின் சூத்திரத்தோடு சேர்ந்து, இது டார்சி-வைஸ்பாக் சமன்பாடு ஆனது.

அதன்படி, அதே அளவு தண்ணீரைப் பாதி விட்டமுள்ள குழாயில் அனுப்பிப் பாருங்கள்: அழுத்த இழப்பு ஏறக்குறைய 32 மடங்கு! சின்னக் குழாய் வாங்கி மிச்சம்பிடித்த காசு, பம்பின் மின்கட்டணத்தில் போயிடும்.

1858-இல், 54 வயதில் டார்சி இறந்தார். டிஜோனில் ஒரு சதுக்கத்துக்கு இன்றும் அவர் பெயர்தான்.