ஆர். நடராஜ முதலியாரும் மௌனத்திரையில் பாரதமும்

முன்னுரை

தமிழகத்தில் இலக்கியம் திரைப்படமான வரலாறு பேசும்படத்திற்கு முன்னரே தொடங்குகிறது. தென்னிந்தியாவின் முதல் மௌனக் கதைப்படமான 'கீசக வதம்', பாரதத்தின் விராட பருவத்தைத் தழுவியது. அதனை உருவாக்கிய ஆர். நடராஜ முதலியாரின் வாழ்வைத் தழுவல் நோக்கில் இக்கட்டுரை ஆராய்கிறது.

வாழ்வும் தொழிலும்

முதலியார் 1885இல் வேலூரில் வணிகக் குடும்பத்தில் பிறந்தார். சென்னையில் மிதிவண்டி வணிகத்தையும் பின்னர் மோட்டார் வண்டி வணிகத்தையும் நடத்தினார். பால்கேயின் படங்களால் ஈர்க்கப்பட்டு, ஸ்டூவர்ட் ஸ்மித் என்னும் ஆங்கிலேய ஒளிப்பதிவாளரிடம் பூனாவில் படப்பிடிப்புப் பயின்றார். கீழ்ப்பாக்கம் மில்லர்ஸ் சாலையில் 'இந்தியா பிலிம் கம்பெனி'யை நிறுவி, இயக்கம், ஒளிப்பதிவு ஆகியவற்றைத் தாமே மேற்கொண்டார். படச்சுருளைப் பதப்படுத்தும் பணி, தட்பவெப்பம் கருதிப் பெங்களூரில் நடைபெற்றது.

சொல்லற்ற திரையில் கதை

ஏறத்தாழ 6,000 அடி நீளமுள்ள 'கீசக வதம்' சுமார் 35,000 ரூபாய்ச் செலவில் உருவாயிற்று. அது வெளியான ஆண்டை 1917 என்பாரும் 1918 என்பாரும் உளர். கீசகனாக ராஜு முதலியாரும் திரௌபதியாக ஜீவரத்தினமும் நடித்தனர். உரையாடலுக்கு மாற்றாக ஆங்கிலம், தமிழ், இந்தி ஆகிய மொழிகளில் எழுத்தட்டைகள் காட்டப்பட்டன. இந்தித் தொடர்களை எழுதியவர் தேவதாஸ் காந்தி.

எழுத்தறியாதோர் மிகுந்திருந்த காலத்தில் அவ்வட்டைகள் மட்டும் கதையை உணர்த்தியிருக்க இயலாது. வேலூரை உள்ளடக்கிய வடஆர்க்காட்டுப் பகுதி, திரௌபதியம்மன் விழாக்களில் பாரதச் சொற்பொழிவும் தெருக்கூத்தும் தழைத்த நிலம். கீசகனின் இச்சை, சைரந்திரியின் அச்சம், வீமனின் சினம் ஆகியவற்றைக் கேட்டும் கண்டும் அறிந்தோர்க்கு மெய்ப்பாடே போதுமானதாயிற்று. பிரான்சில் அல்போன்ஸ் தோதே ஓர் இளைஞனின் வளர்ச்சியைச் சித்திரித்த 'லெ ப்தி ஷோஸ்' நாவல் 1923இல் மௌனப்படமாயிற்று. தனிமனிதனின் அகவளர்ச்சியைச் சொல்லின்றிக் காட்டுவது அங்கு எழுந்த சிக்கல். முதலியாரோ பார்வையாளரின் நினைவில் ஏற்கெனவே இருந்த கதையைத் தேர்ந்தமையால் அச்சிக்கல் எழவில்லை.

முடிவுரை

'திரௌபதி வஸ்திராபகரணம்', 'லவ குசா' முதலிய படங்களையும் எடுத்த முதலியார், படப்பிடிப்பு நிலையத்தில் நேர்ந்த தீ விபத்தும் மகனின் இறப்பும் தந்த துயரால் 1923இல் திரைத்தொழிலைக் கைவிட்டார். 'கீசக வத'த்தின் படி எதுவும் இன்று கிடைக்கவில்லை. படத்துடன், திரைக்கென எழுதப்பட்ட தொடக்ககாலத் தமிழ்த் தொடர்களும் அழிந்தன. திரைவரலாற்றுக்கு நேர்ந்த இவ்விழப்பு, தமிழ் உரைநடை வரலாற்றுக்கும் நேர்ந்த இழப்பாகும்.