மின்னலுக்கு வழி அமைத்தவர்

இடி முழங்கும்போது தேவாலய மணியை ஒலித்தால் மின்னல் விலகிச் செல்லும் என்று முற்காலத்தில் ஐரோப்பிய மக்கள் பலர் நம்பினர். ஆனால், உயர்ந்த கோபுரத்தின் அடியில் நனைந்த கயிற்றைப் பற்றி நின்ற மணியடிப்போர் பலர் அம்மின்னலாலேயே மாண்டனர். மக்கள் அஞ்சி நடுங்கிய அந்த வான்நெருப்பை ஆராய்ந்து அறிய முற்பட்டவர்களுள் தலைசிறந்தவர் பெஞ்சமின் பிராங்கிளின்.

பிராங்கிளின் 1706ஆம் ஆண்டு சனவரித் திங்கள் 17ஆம் நாள் அமெரிக்காவின் பாஸ்டன் நகரில் பிறந்தார். அவர் தந்தையார் மெழுகுவத்தியும் சோப்பும் செய்து விற்பவர். பதினேழு மக்களுள் பதினைந்தாமவரான பிராங்கிளினுக்குப் பள்ளிக்கல்வி ஏறத்தாழ இரண்டு ஆண்டுகளே வாய்த்தது. பன்னிரண்டாம் வயதில் தமையனாரின் அச்சகத்தில் தொழில் பயிலச் சேர்ந்தார். பகலெல்லாம் அச்செழுத்துகளோடு உழைத்த அவர், இரவில் நூல்களை இரவல் பெற்றுப் படித்தார். பதினேழாம் வயதில் பிறந்த ஊரை விட்டுப் பிலடெல்பியா நகரை அடைந்தார். அங்கே தம் உழைப்பால் அச்சகம் நிறுவினார், செய்தித்தாள் நடத்தினார், 1731இல் நண்பர்களுடன் கூடி நூலகம் ஒன்றையும் தொடங்கினார்.

நாற்பது வயதை ஒட்டிய காலத்தில் அவர் உள்ளம் மின்சாரத்தின்பால் ஈர்க்கப்பட்டது. அக்காலத்தில் மின்னூட்டத்தைச் சேர்த்துவைக்க லேடன் சாடி என்னும் கண்ணாடிக் கலம் பயன்பட்டது. அத்தகைய சாடிகள் பலவற்றை இணைத்த தொகுதிக்கு பேட்டரி என்று பெயரிட்டவர் பிராங்கிளினே. 1750இன் இறுதியில், அவ்வாறு சேர்த்த மின்சாரத்தை ஒரு வான்கோழியின்மேல் பாய்ச்ச முயன்றார். மின்சாரமோ அவர் உடலிலேயே பாய்ந்துவிட, அவர் சில கணங்கள் உணர்விழந்தார்.

சாடியிலிருந்து எழும் சிறு பொறியும் வானில் தோன்றும் மின்னலும் ஒரே இயல்பின என்று அவர் கருதினார். இரண்டும் ஒளி வீசுகின்றன, வளைந்து நெளிந்து பாய்கின்றன, உலோகத்தின் வழியே செல்கின்றன, உயிரையும் போக்குகின்றன. உயரமான இடத்தில் கூரிய இரும்புக் கம்பியை நட்டு இக்கருத்தைச் சோதிக்கலாம் என்று எழுதினார். அவர் கூறிய முறையிலேயே பிரான்சு நாட்டில் 1752ஆம் ஆண்டு மே 10ஆம் நாள் சோதனை நடைபெற்று வெற்றி கண்டது.

அச்செய்தி தம்மை எட்டும் முன்னரே, பிராங்கிளின் பட்டுத்துணியால் ஆன பட்டம் ஒன்றை இடிமேகத்தின் கீழ்ப் பறக்கவிட்டார். அவர் மகன் வில்லியம் உடன் இருந்தார். நனைந்த சணல் நூலின் வழியே இறங்கிய மின்னூட்டம், நூலின் முனையில் கட்டிய சாவியில் பொறியாகத் தோன்றியது. அதைக் கொண்டு லேடன் சாடியையும் அவர் நிரப்பினார். உலர்ந்த பட்டு நாடாவைப் பிடித்து, மழை படாத இடத்தில் அவர் நின்றிருந்தார். எனினும், பட்டத்தின்மேல் மின்னல் நேராக விழுந்திருந்தால் அவர் உயிர் பிழைத்திருக்க இயலாது. மறு ஆண்டே, ரஷ்ய நாட்டில் இத்தகைய ஆய்வில் ஈடுபட்ட ரிச்மன் என்னும் அறிஞர் மின்னல் தாக்கி உயிர் துறந்தார். ஆதலின் இச்சோதனையை எவரும் செய்து பார்த்தல் ஆகாது.

பிராங்கிளின் சாடியில் நிரப்பியது மேகத்திலிருந்து கசிந்த சிறு மின்னூட்டமே, மின்னல் அன்று. அவ்வாறாயின் மின்னலையே பிடித்து வைத்து வீடுகளுக்கு விளக்கேற்ற இயலுமா? ஒரு மின்னலின் ஆற்றல் ஏறத்தாழ 100 கோடி ஜூல். கேட்போர் வியக்கும் இவ்வளவும், கணக்கிட்டால், ஏறக்குறைய 280 யூனிட் மின்சாரமே. ஒரு குடும்பத்திற்கு ஓரிரு மாதங்களுக்கே போதுமானது. அதிலும் பெரும்பகுதி காற்றைச் சுடச்செய்வதிலும் ஒளியாகவும் இடியோசையாகவும் செலவாகிவிடுகிறது. எஞ்சியதும் நொடியின் சிறு பகுதிக்குள் பாய்ந்து முடிகிறது. எங்கே, எப்போது விழும் என்பதும் உறுதியில்லை. காட்டாற்று வெள்ளத்தைக் குடத்தில் ஏந்த முயல்வது போன்றதே அம்முயற்சி.

வெள்ளத்தைக் குடத்தில் அடைக்க இயலாவிடினும், வாய்க்கால் வெட்டி ஊரைக் காக்க இயலும். பிராங்கிளின் செய்ததும் அதுவே. கட்டடத்தின் உச்சியில் கூரிய கம்பியை நிறுத்தி, அதை உலோகக் கம்பியால் நிலத்தோடு இணைத்தார். இடிதாங்கி என்று நாம் வழங்கினாலும், அது இடியைத் தாங்கிக்கொள்வதில்லை. மின்னலைக் கட்டடத்திற்கு ஊறின்றி மண்ணுக்குள் செலுத்திவிடுகிறது. இக்கண்டுபிடிப்புக்கு அவர் காப்புரிமை பெறவில்லை. பொருளீட்ட வாய்ப்பிருந்தும், அதன் பயன் அனைவருக்கும் உரியது என விட்டுவிட்டார்.

பின்னாளில் அவர் நாட்டுப்பணியில் ஈடுபட்டார். 1776இல் அமெரிக்க விடுதலைச் சாற்றுரையிலும், 1787இல் அந்நாட்டின் அரசியலமைப்பிலும் கையொப்பமிட்டார். 1790ஆம் ஆண்டு ஏப்ரல் 17ஆம் நாள், 84ஆம் வயதில் இயற்கை எய்தினார். அவர் காட்டிய முறையில் அமைந்த கம்பிகள் இன்றும் பள்ளிகள், கோயில்கள், உயர்ந்த மாடிகள் ஆகியவற்றின் உச்சியில் நின்று மக்களைக் காத்து வருகின்றன.

பயிற்சி

1. மின்னலும் லேடன் சாடியின் பொறியும் ஒன்றே எனப் பிராங்கிளின் கருதியதற்குரிய காரணங்கள் யாவை?
2. மின்னலின் ஆற்றலைச் சேமித்துப் பயன்படுத்துதல் ஏன் அரிது?
3. இடிதாங்கிக்குப் பிராங்கிளின் காப்புரிமை பெறாததைப் பற்றி உம் கருத்தை ஐந்து தொடர்களில் எழுதுக.