எஸ். எஸ். விசுவநாததாஸ்

எஸ். எஸ். விசுவநாததாஸ் (1886 – டிசம்பர் 31, 1940) தமிழ் நாடக நடிகரும் பாடகரும் இந்திய விடுதலைப் போராட்ட வீரரும் ஆவார். சிவகாசியில், முடிதிருத்தும் தொழில் செய்துவந்த மருத்துவர் சமூகத்தில் பிறந்தார். பின்னர் திருமங்கலத்தில் வாழ்ந்தார்.

நாடகப் பணி

புராண நாடகங்களின் இடையே விடுதலைப் பாடல்களைப் பாடுவது இவரது வழக்கம். ஆங்கிலேயரை வெள்ளைக் கொக்காக உருவகித்த பாடல் இவரால் பெரும்புகழ் பெற்றது. மேடைகளில் கதராடை அணிந்து நடித்தார். இப்பாடல்களுக்காகப் பலமுறை சிறை சென்றார். சாதியைக் காரணம் காட்டி இவருடன் இணைந்து நடிக்க நடிகையர் சிலர் மறுத்தனர். ஆயினும் இவர் மேடையைக் கைவிடவில்லை.

மறைவு

1940 டிசம்பர் 31 அன்று சென்னையில் நடைபெற்ற வள்ளி திருமணம் நாடகத்தில் முருகன் வேடமேற்று மயில்மீது அமர்ந்து பாடியவாறே மேடையில் உயிர்நீத்தார். திருமங்கலத்தில் இவருக்கு நினைவில்லம் அமைக்கப்பட்டுள்ளது.