கிராமத்துக்கு டெலிவிஷன் கேட்ட விஞ்ஞானி

மயிலம் முருகன் கோயில் குன்றிலிருந்து கீழே பாருங்கள். வீட்டுக்கு வீடு, வானத்தைப் பார்த்தபடி ஒரு தட்டு! ஆகாயத்திலிருந்து நேரே கிராமத்துக்குப் படம் வர வேண்டும் என்று, அது வெறும் கனவாகத் தோன்றிய நாளிலேயே வாதாடியவர் டாக்டர் விக்ரம் சாராபாய்.

1919-ம் ஆண்டு ஆகஸ்டு 12-ந் தேதி, அகமதாபாத்தில் மில் முதலாளி ஒருவரின் மகனாகப் பிறந்தார். கேம்பிரிட்ஜில் படித்தார். யுத்தம் மூளவே தாயகம் திரும்பி, பெங்களூரில் சர் சி. வி. ராமனிடம் ஆராய்ச்சி செய்தார். நாட்டியக் கலைஞர் மிருணாளினியை மணந்தார். 1963-ல் தும்பாவிலிருந்து முதல் ராக்கெட் கிளம்பியதும் அவர் முயற்சியால்தான்.

டெலிவிஷன் டெல்லிக்கு 1959-லேயே வந்துவிட்டது. ஆனால், பல ஆண்டுகள் தலைநகரைத் தாண்டவில்லை. ஊர் ஊராகக் கோபுரம் கட்டிக்கொண்டு போனால் குக்கிராமத்தின் முறை எப்போது வரும்? ஒரே செயற்கைக் கோள் போதும். அதுவும் கிராமத்துக்கே முதலில் என்றார் சாராபாய். ஏழை நாட்டுக்கு இது எதற்கு என்றவர்களும் உண்டு. உழவுக்கும் படிப்புக்கும்தான் என்பது அவர் கட்சி. 1969-ல் அமெரிக்காவுடன் ஒப்பந்தம் ஆயிற்று.

பலனைக் காண அவர் இல்லை. 1971 டிசம்பர் 30-ந் தேதி, கோவளத்தில் காலமானார். வயது 52தான்.

1975 ஆகஸ்டு 1-ந் தேதி, ஆறு மாநிலங்களில் 2,400 கிராமங்களைக் குறிவைத்து ஒளிபரப்பு ஆரம்பமாயிற்று. (நம் மாநிலத்துக்கு அதில் இடமில்லை.) ஏரியல் எதனால் செய்தது தெரியுமா? கோழிக்கூட்டுக்குப் போடும் கம்பிவலையால்! மாலையானால் ஊரே ஒரு பெட்டியின் முன் கூடியது.

செயற்கைக் கோள் இரவல், ஓராண்டுதான் தவணை. 1976 ஜூலை 31-ல் அது முடிந்தது. இந்தியாவின் சொந்தக் கோளான இன்சாட்-1பி விண்ணில் ஏற 1983 ஆயிற்று.